பதினோராவது குகையின் பச்சைக்கொடி

"மலையில ரயில் ஓட்டுதேன்னு சொல்லுதியே, மேல ஏறும்போது காது அடைக்குமாம்மா?"

சாத்தூர் போகிற பேருந்தில், மடியில் வெற்றிலைக் கட்டோடு பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு பெண்மணி சண்முகத்தாயிடம் ஒருமுறை இப்படிக் கேட்டாள். சண்முகத்தாய் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அடைக்கும்" என்றாள். அது பொய். அடைக்க வழியே இல்லை. அவள் ஓட்டுகிற ரயில் சீனத்தின் தென்மேற்கு மூலையில், ஒன்பதாயிரம் அடி உயரமுள்ள மலையில் ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. அவள் உட்கார்ந்து ஓட்டுகிற நாற்காலியோ கோவில்பட்டியில், மூடிப்போன ஒரு தீப்பெட்டி ஆபீஸின் தரைத்தளத்தில் இருந்தது.

அந்த அறையில் முப்பத்திரண்டு நாற்காலிகள். ஒவ்வொன்றுக்கும் முன்னால் ஓர் அகன்ற திரை, இடது கைக்கு ஒரு பிடி, வலது கைக்கு ஒரு பிடி, நடுவில் நான்கு பொத்தான்கள். எல்லா நாற்காலியிலும் பெண்கள். மலையில் அவர்கள் ஓட்டிய மின்சார இன்ஜின்களுக்குச் சீன எழுத்தும் எண்ணும் சேர்ந்த நீளமான பெயர்கள் இருந்தன. யார் வாயிலும் அவை நுழையவில்லை. சிவப்புப் பூசியிருந்ததால் எல்லாவற்றையும் 'செவலை' என்றே அழைத்தார்கள். செவலை மலைக்கென்றே பிறந்த இன்ஜின். நடுவில் மடங்குகிற உடம்பு, எட்டு அச்சு. ஏறும்போது மேல்கம்பியிலிருந்து மின்சாரத்தை இழுக்கும். இறங்கும்போது தன் சக்கரங்களாலேயே மின்சாரம் உண்டாக்கிக் கம்பிக்குத் திருப்பித் தரும். செங்குத்து, வளைவு, உறைபனி என்று அதை வடிவமைத்தவர்கள் எல்லாவற்றையும் யோசித்திருந்தார்கள். அதற்குள் உட்காரப்போகிற ஆளை மட்டும் யோசிக்கவில்லை. அந்த உயரத்தில் ஓட்டுநர்களுக்கு மண்டை இடித்தது, மூக்கில் ரத்தம் வந்தது. ஒரு வருடத்துக்கு மேல் ஒருவரும் தங்கவில்லை. ஆகவே ஓட்டுகிற இடத்தையே மலையிலிருந்து இறக்கி, செயற்கைக்கோள் வழியாக வேறோர் ஊருக்குக் கொண்டுபோனார்கள். கண் பார்த்ததும் கை நகர்கிற ஆட்கள் எங்கே கிடைப்பார்கள் என்று தேடியபோது, நிமிடத்துக்குப் பத்துத் தீப்பெட்டி ஒட்டிய விரல்கள் கோவில்பட்டியில் சும்மா கிடந்தன.

சண்முகத்தாய் ஒன்பதாம் வகுப்போடு பள்ளியை விட்டவள். நாலு பேர் கூடினால் சுவரோரமாகப் போகிறவள். ஆனால் திரையில் மின்னி மறைகிற உருவங்களைப் பிடிக்கிற தேர்வில் அவள்தான் முதல். ஐந்து வருடமாக அவள் கையில் ஒரு செவலையின் சக்கரம்கூட வழுக்கியதில்லை.

அவள் ஓட்டியது காலையில் ஏறுகிற பயணி வண்டி. ஆறு பெட்டிகள். கீழ் ஊர்களிலிருந்து மேல் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குப் போகும் பிள்ளைகளும், கோழிக் கூடைகளோடு சந்தைக்குப் போகிறவர்களும் அதில் இருப்பார்கள். பாதையில் முப்பத்தெட்டுக் குகைகள். பதினோராவது குகையைத் தாண்டியதும் பாதை மலையின் விலாவை ஒட்டி இரண்டரை கிலோமீட்டர் வளைந்து போகும். ஒரு பக்கம் கருங்கல் தடுப்புச்சுவர். மறுபக்கம் பள்ளத்தாக்கு. வருடத்தில் பாதி நாள் அங்கே பனிமூட்டம்தான்.

அந்த இடத்துக்கு ஒரு தனி விதி இருந்தது. பனி நாளில் அங்கே மணிக்கு இருபது கிலோமீட்டருக்கு மேல் போகக்கூடாது. ஆனால் பாதையை நடந்து பார்த்த காவலர் குகை வாயிலில் நின்று பச்சைக்கொடி காட்டினால் நாற்பத்தைந்தில் போகலாம். கொடியைப் பார்த்ததும் ஓட்டுகிறவள் 'கண்டேன்' என்ற பொத்தானை அமுக்க வேண்டும். அமுக்கினால்தான் செவலை வேகமெடுக்கும்.

கொடி காட்டியவள் ஒரு பெண். ஆரஞ்சு நிற மழைச்சட்டை, நிமிர்ந்த முதுகு. கடைசிப் பெட்டி கடந்து போகும்வரை சக்கரங்களைப் பார்த்தபடி நிற்பாள். கோவில்பட்டிப் பெண்கள் அவளுக்குப் பச்சைக்கொடி அக்கா என்று பெயர் வைத்திருந்தார்கள். யார் ஆரம்பித்தார்களோ தெரியாது, அவளைக் கண்டதும் முகப்பு விளக்கை ஒருமுறை தணித்து ஏற்றுவது அந்த அறையின் பழக்கமாகிவிட்டது. உடனே அவள் கொடியைத் தலைக்கு மேலே உயர்த்துவாள். வணக்கத்துக்குப் பதில் வணக்கம். எந்தப் பயிற்சிப் புத்தகத்திலும் இல்லாத இந்த ஒன்றுக்காகவே சண்முகத்தாய்க்கு அந்த வேலை பிடித்திருந்தது. அவள் கூச்சப்படாமல் முகம் பார்க்க முடிந்த ஒரே வெளியாள் அந்த அக்காதான்.

பனியில் எப்படித் தெரியும் என்று கேட்டால், திரையில் 'பனிநீக்கி' இருக்கிறது, மூக்குக்கண்ணாடியைத் துடைத்த மாதிரி அது பனியைத் துடைத்துவிடும் என்பார்கள். அப்படித்தான் அவர்களுக்குச் சொல்லியிருந்தார்கள்.

ஐப்பசியில் பனி மூடிய ஒரு செவ்வாய்க்கிழமை காலை, பதினோராவது குகையை விட்டு வண்டி வெளிவரும் நேரத்தில் சண்முகத்தாய்க்கு ஒரு தும்மல் வந்தது. விளக்கைத் தணிக்கக் கை போகவில்லை. ஆனாலும் பச்சைக்கொடி அக்கா கொடியை உயர்த்தினாள்.

அது ஒரு பெரிய விஷயமாக அவளுக்கு முதலில் படவில்லை. மறுநாள் வேண்டுமென்றே தணிக்காமல் இருந்தாள். கொடி உயர்ந்தது. மூன்றாம் நாள் இரண்டு முறை தணித்தாள். கொடி ஒருமுறைதான் உயர்ந்தது, அதே இடத்தில், அதே உயரத்துக்கு. கொடியின் நுனி அதே மாதிரி காற்றில் மடங்கியது. அந்த மூன்று நாளும் மலையில் காற்றின் திசை வேறு வேறாக இருந்ததைத் திரையின் ஓரத்து எண்கள் காட்டின.

"எக்கா, பச்சைக்கொடி அக்கா நம்மளப் பாத்துத்தான் கொடி தூக்குதாளா?" என்று பக்கத்து நாற்காலி ஜெபராணியிடம் கேட்டாள். ஜெபராணி பத்தரை மணி வண்டிக்காரி. அறையிலேயே வாய் நீளமானவள்.

"அவளும் ஆபீஸ் வேலைதானட்டி பாக்கா. நீ சல்யூட் அடிச்சாத்தான் தூக்குவாளாக்கும்?"

"வெயில் நாள்ல அவளக் காணவே காணமேக்கா. முன்னால தினமும் நிப்பாள்லா. ஒரு வருசத்துக்கு மேல பனி நாள்ல மட்டும்தான் நிக்கா."

"வெயில்ல கொடி எதுக்கு? விதி பனிக்குத்தான். அவ வெவரமா வீட்டுல இருக்கா. நானா இருந்தா பனியிலயும் வரமாட்டேன்."

இரண்டு மூன்று பேர் சிரித்தார்கள். சண்முகத்தாய் முகத்தைத் திரைக்குள் வைத்துக்கொண்டாள்.

அன்று மதியம் குறைப் படிவத்தைத் திறந்தாள். குறையின் வகை: ஒலி, ஒளி, நாற்காலி, குளிர்சாதனம், மற்றவை. 'மற்றவை'யைத் தேர்ந்தெடுத்தால் நூறு எழுத்துகளுக்குள் எழுத வேண்டும். 'பதினோராவது குகைக் காவலர் நம் விளக்குக்குப் பதில் தருவதில்லை. தினமும் ஒரே மாதிரி அசைகிறார்' என்று எழுதினாள். எழுதியதைப் படித்தபோது அவளுக்கே அது பைத்தியக்காரி எழுதியது போலிருந்தது. அனுப்பினாள். நான்கு நிமிடத்தில் பதில் வந்தது: 'உங்கள் குறை தீர்க்கப்பட்டது. எங்கள் சேவைக்கு எத்தனை நட்சத்திரம் தருவீர்கள்?'

மறுநாள் மீண்டும் அனுப்பினாள். தீர்க்கப்பட்டது. மூன்றாம் முறை அனுப்பியபோது ஓர் ஆள் பையோடு வந்து, அவள் நாற்காலியைக் கவிழ்த்து, சக்கரங்களுக்கு எண்ணெய் போட்டுவிட்டுக் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனான். ஜெபராணி கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள்.

அதற்கு அடுத்த பனி நாளில் சண்முகத்தாய் 'கண்டேன்' பொத்தானை அமுக்கவில்லை.

திரையில் பச்சைக்கொடி அக்கா கொடியை உயர்த்திக்கொண்டுதான் நின்றாள். ஆனால் தான் பார்ப்பது என்னவென்று தெரியாத ஒன்றுக்குக் கண்டேன் என்று எப்படிச் சொல்வது? வண்டி இருபதிலேயே ஊர்ந்தது. மேல் ஊருக்கு நான்கு நிமிடம் தாமதம். மறுநாளும் நான்கு நிமிடம். அதற்கு மறுநாளும். சுவரில் இருந்த தரவரிசைப் பலகையில் அறையின் இடம் இரண்டிலிருந்து ஒன்பதுக்கு இறங்கியது. இந்த மாதிரி அறைகள் வேறு ஊர்களிலும் இருந்தன. கடைசி இரண்டு இடத்துக்கு வருகிற அறையை மூடிவிடுவார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும்.

ஷிப்ட் மேற்பார்வையாளர் ஆரோக்கியசெல்வன் கெட்டவர் அல்ல. குரலை உயர்த்தத் தெரியாதவர். அவள் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்று மெதுவாகக் கேட்டார்.

"கொடி தெரியுதாம்மா?"

"தெரியுது சார்."

"பொறவு ஏன் அமுக்க மாட்டேங்குத?"

"அது நெசமா இருக்கான்னு தெரியல சார்."

"கண்ணுக்குத் தெரியுதுன்னு சொல்லுத. இருக்கான்னு தெரியலன்னும் சொல்லுத. இத நான் மேல எப்படிம்மா எழுதுறது? சொல்லு, அப்படியே எழுதுறேன்."

அவளுக்குச் சொல்லத் தெரியவில்லை. மனதுக்குள் எல்லாம் சரியாக வரிசையில் நின்றது. வாய்க்கு வரும்போது ஒன்றின் மேல் ஒன்று விழுந்தது. சின்ன வயதிலிருந்தே இப்படித்தான். இப்போது அந்தப் பழைய இயலாமை மேல் அவளுக்குக் கண்மண் தெரியாத கோபம் வந்தது.

"முன்னால கல்லு கிடந்தா செவலையே நின்னுரும். அதுக்கு அறிவு இருக்கு," என்றார் செல்வன். "நீ பயப்படவே வேண்டாம். பொத்தான அமுக்கு, போதும்."

அவள் அமுக்கவில்லை. பத்து நாள் ஆயிற்று. சாப்பாட்டு நேரத்தில் அவள் உட்கார்ந்த பெஞ்சில் இடம் காலியாகவே இருந்தது. "ஒருத்தி பிடிவாதத்துக்கு முப்பத்தொரு பேரு வீட்டுல இருக்கணுமாக்கும்," என்று யாரோ தண்ணீர்க் குழாயருகில் அவள் காதுபடச் சொன்னார்கள். பதினோராம் நாள், இன்ஜினை வடிவமைத்த அலுவலகத்திலிருந்து ஒரு பொறியாளர் வருகிறார் என்று சொன்னார்கள். தாமதம் எதனால் என்று பார்க்க வருகிறாராம். சண்முகத்தாய்க்கு அன்றுதான் கடைசி நாள் என்று எல்லோருக்கும் புரிந்தது. அவளுக்கும்தான்.

பொறியாளர் பெயர் ஹெ வெய்மின். முப்பத்தைந்து வயதிருக்கும். தூக்கம் போதாத கண்கள். கழுத்தில் ஒரு சின்னப் பெட்டி தொங்கியது. அவர் சீனத்தில் பேசினால் அது பெண் குரலில் தமிழில் சொல்லியது.

"அனைவருக்கும் வணக்கம். தாமதத்துக்குக் காரணமான அம்மையாரைச் சந்திக்க விரும்புகிறேன்," என்றது பெட்டி.

"ஆத்தி, ரேடியோ நியூஸ் மாதிரில்லா பேசுது," என்றாள் ஜெபராணி. பெட்டி அதையும் சீனத்தில் சொல்லிவிட்டது. பொறியாளர் ஜெபராணியைப் பார்த்து லேசாகத் தலை குனிந்தார். அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

அவர் சண்முகத்தாயின் பக்கத்தில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அவளுடைய மூன்று குறைப் படிவங்களும் அவர் கையில் இருந்தன. அதைப் பார்த்ததுமே அவளுக்குக் கொஞ்சம் தைரியம் வந்தது. யாரோ ஒருவர் படித்திருக்கிறார். தும்மல், விளக்கு, கொடி நுனி, காற்று எல்லாவற்றையும் திக்கித் திக்கிச் சொன்னாள். அவர் குறுக்கே பேசவில்லை.

"நீங்கள் சரியாகக் கவனித்திருக்கிறீர்கள்," என்றது பெட்டி. "பனியில் காமிராவுக்கு எதுவும் தெரியாது. வெறும் வெண்மைதான். ஆகவே இன்ஜின் தன் நினைவிலிருந்து வரைகிறது."

"தொடைக்கலையா?"

"துடைக்க இயலாது. வரையத்தான் இயலும்."

"எப்ப உள்ள நினைவு?"

"முதல் இரண்டு ஆண்டுகள். தெளிந்த நாட்களில் எவை எப்போதும் அங்கே இருந்தனவோ, அவற்றை அது மலையின் பகுதியாகக் கற்றது. கம்பம், சுவர், மரங்கள்."

"அக்கா?"

பொறியாளர் திரையைப் பார்த்தார். "அவர் ஒரு நாள்கூட வராமல் இருந்ததில்லை. அதனால்தான்."

அறையில் ஒவ்வொருத்தியாகக் காது கொடுக்க ஆரம்பித்திருந்தார்கள். அந்த நேரம் கையில் வண்டி இல்லாத பெண்கள் எழுந்து வந்தார்கள்.

"அப்ப இப்ப அவ எங்க?" என்றாள் சண்முகத்தாய்.

அவர் கைபேசியில் வெகுநேரம் தேடினார். "பதினோராவது குகை, பாதைக் காவலர். அந்தப் பணி பதினான்கு மாதங்களுக்கு முன் நீக்கப்பட்டது. மலைப்பாதை முழுவதும் நாற்பது காவலர்கள் நீக்கப்பட்டனர்."

"ஏன்?"

அவர் கைபேசியைக் கவிழ்த்து வைத்தார். சொன்னபோது பெட்டியின் குரல் மட்டும் எப்போதும் போல இனிமையாக இருந்தது. "பனி நாட்களிலும் இந்த அறையில் உள்ளவர்கள் கொடியைக் கண்டதாக நூற்றுக்கு நூறு முறை பதிவு செய்திருக்கிறீர்கள். உங்கள் பார்வையில் குறையில்லை என்றால் பாதையை நீங்களே பார்த்துக்கொள்வீர்கள், காவலர் தேவையில்லை என்று நிர்வாகம் முடிவு செய்தது. கொடி பற்றிய விதி வேறோர் அலுவலகத்துடையது. அதை யாரும் நீக்கவில்லை. நீங்கள் தொடர்ந்து அமுக்கிக்கொண்டிருந்ததால் யாருக்கும் ஐயம் வரவில்லை."

ஜெபராணி தன் வலது கை விரலைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

"அங்க பாக்க ஆளு இல்ல," என்றாள் சண்முகத்தாய் மெல்ல. "நாங்க பாக்கோம்னு நெனச்சு எடுத்துட்டாக. நாங்க அவ பாக்கான்னு நெனச்சு அமுக்கிட்டோம்."

செல்வன் பொறியாளரைக் கொஞ்சம் தள்ளி அழைத்துப் போனார். ஆனால் அந்த அறையில் எதுவும் தள்ளி இல்லை, எல்லோருக்கும் கேட்டது. "சார், படத்துலருந்து அந்த அம்மாவ எடுத்துட்டீங்கன்னா கொடி கிடையாது. கொடி இல்லன்னா இருபதுலதான் போகணும். ஆறு மாசம் பனி சார். டைம்டேபிளே படுத்துரும். இந்த ரூமத் தூக்கி வேற ஊருக்குக் கொண்டு போயிருவாங்க. இதுல பாதிப் பேரு இனிமே பெட்டி ஒட்டவும் போக முடியாது, அந்த வேலையும் இப்ப இல்ல."

"நான் அறிக்கை எழுதுவேன்," என்றது பெட்டி. "ஆய்வு செய்ய ஆறு வாரங்கள் ஆகும். அதுவரை இப்போதுள்ள முறையே தொடரலாம்."

"ஆறு வாரம் இல்லாத ஆளக் கண்டேன் கண்டேன்னு அமுக்கணுமா?"

இதைச் சொன்னது தன் குரல்தான் என்று சண்முகத்தாய்க்கே நம்ப முடியவில்லை. அவ்வளவு சத்தமாக அவள் அந்த அறையில் பேசியதில்லை. முப்பது முகங்கள் அவள் பக்கம் திரும்பின. அவள் மேசையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"என் வண்டி ஒம்பது மணிக்குப் பதினொண்ணாம் குகைக்கு வரும். இன்னைக்கும் அங்க பனிதான். அந்த ஒரு நடைக்கு வரையாமக் காட்டச் சொல்லுங்க சார். என்ன இருக்கோ அதக் காட்டட்டும். எல்லாரும் பாப்போம். அதுக்குப் பொறவு என்னைய அனுப்புனாலும் சரிதான்."

பொறியாளர் கடிகாரத்தைப் பார்த்தார். ஒருவேளை, தான் பல வருடம் உட்கார்ந்து உருவாக்கிய பனிநீக்கி இல்லாமல் அந்த மலை எப்படி இருக்கும் என்று அவரும் ஒருமுறைகூடப் பார்த்ததில்லையோ என்னவோ. கணினியைத் திறந்து கடவுச்சொல்லை அடித்தார்.

குகைக்குள் இருக்கும்வரை எந்த வித்தியாசமும் இல்லை. விளக்கொளியில் சுவர்கள் நகர்ந்தன. வாயில் வந்தது. சண்முகத்தாய் பிடியை இருபதில் வைத்திருந்தாள்.

வண்டி வெளியே வந்ததும் திரை சாம்பலாகிப் போனது.

சுவர் இல்லை, மரம் இல்லை, பள்ளத்தாக்கு இல்லை. நிமிர்ந்த முதுகோடு நிற்கிற அக்காவும் இல்லை. இன்ஜினின் மூக்குக்கு முன்னால் நாலு முழத் தண்டவாளம், அதற்கப்பால் கழுவாத பாத்திரம் போல ஒரு நிறம். பின்னால் நின்ற பெண்களில் ஒருத்தி, "இதுலயா நாப்பத்தஞ்சுல போனோம்," என்றாள். இருபதுகூட இப்போது பயங்கர வேகமாகத் தெரிந்தது.

அப்போது சாம்பலுக்குள், வலது பக்கம், சுவர் இருக்க வேண்டிய இடத்தில் ஒரு சிவப்புப் புள்ளி.

அது இடமும் வலமும் ஆடியது.

சண்முகத்தாய் இரண்டு பிடிகளையும் தன் பக்கம் இழுத்தாள். அவள் கை அசைவு வானத்துக்குப் போய் மலைக்கு இறங்க அரை வினாடி. அந்த அரை வினாடி முழுவதும் சிவப்பு பெரிதாகிக்கொண்டே வந்தது. பிறகு செவலை முனகியது, உடம்பை மடக்கியது, நின்றது.

சிவப்பு விளக்கைப் பிடித்திருந்த கை தெரிந்தது. அதற்குப் பின்னால் ஓர் உருவம்.

"அது எப்படி," என்றார் பொறியாளர். பெட்டி அதையும் தமிழில் சொன்னது. அவர் விசைப்பலகையில் வேகமாகத் தட்டினார். "நினைவில் இல்லாத ஒளியை இன்ஜின் பனியின் எதிரொளி என்று கருதி அழித்துவிடும். ஒரு நிமிடம். பழைய பதிவுகள் இருக்கும்."

பக்கத்துத் திரையில் நேற்றைய வண்டி ஓடியது, வரையப்படாத படத்தில். சாம்பல். பிறகு சிவப்பு, வெறிபிடித்த மாதிரி ஆடுகிற சிவப்பு. வண்டி வேகம் குறையவில்லை. முகப்பு விளக்கு ஒருமுறை தணிந்து ஏறியது. உருவம் ஒன்று கடைசி நொடியில் சுவரோடு ஒட்டிக்கொண்டது. திரையின் மூலையில் நேரம் இருந்தது. அது பத்தரை மணி வண்டி.

"நான்தான்," என்றாள் ஜெபராணி. "விளக்கு வேற தணிச்சிருக்கேன். பாத்துட்டேன், கவலப்படாதன்னு சொல்லுத மாதிரி."

அதற்கு முந்தைய நாள். அதற்கும் முந்தைய நாள். பனி பெய்த ஒவ்வொரு நாளும் ஒவ்வொரு வண்டிக்கும் சிவப்பு ஆடியது. பன்னிரண்டு நாட்கள் வரை பின்னால் போய்ப் பொறியாளர் நிறுத்திக்கொண்டார். சண்முகத்தாயின் வண்டிகளும் அதில் இருந்தன. இருபதில் ஊர்ந்தாலும் அவள் வண்டியும் நிற்காமல்தான் போயிருந்தது.

மலையில் காற்று திரும்பியிருக்க வேண்டும். பனி ஒரு வேட்டியளவுக்கு விலகியது. ஐம்பது அடிக்கு அப்பால் தடுப்புச்சுவர் வயிறு தள்ளி நின்றது. இரண்டு கருங்கற்கள் தண்டவாளத்துக்கு ஒரு சாண் தள்ளி விழுந்து கிடந்தன. மற்றவை எப்போது வேண்டுமானாலும் வரலாம் என்பது போல் பல்லிளித்துக்கொண்டு தொங்கின.

"செவலைக்கு அறிவு இருக்குன்னு சொன்னேனே," என்றார் செல்வன், யாரிடமும் அல்லாமல்.

"தண்டவாளத்தின் மேல் விழுந்த பிறகே அதற்குத் தெரியும்," என்றது பெட்டி.

உருவம் இன்ஜினை நோக்கி வந்தது. வர வர அது ஒரு பெண்ணானது. படத்தில் நின்றவளைவிட வயதானவள். முடி முக்கால் பங்கு நரைத்திருந்தது. ஆரஞ்சுச் சட்டை இல்லை, முழங்கை கிழிந்த ஒரு பருத்திக் கோட்டு. இடது காலைச் சாய்த்துச் சாய்த்து நடந்தாள். ஆனாலும் அக்காதான். சண்முகத்தாய் அந்தத் தோளை ஐந்து வருடமாகப் பார்த்திருக்கிறாள்.

"வேலய விட்டு எடுத்த பொறவும் வந்து நின்னுருக்கா," என்றாள் ஜெபராணி.

அவள் நடந்துகொண்டே கத்திக்கொண்டு வந்தாள். இன்ஜினின் வெளி ஒலிவாங்கியில் அது கரகரவென்று விழுந்தது. பெட்டி கொஞ்சம் பிடித்துச் சொன்னது: "உனக்குக் கண் இல்லையா. பன்னிரண்டு நாள். பிள்ளைகள் உள்ளே இருக்கிறார்கள். நான் விளக்கை ஆட்டினால் நீ விளக்கைச் சிமிட்டுகிறாய். இறங்கி வா. உன் முகத்தைக் காட்டு."

"இன்ஜினுக்குள்ள யாரும் இல்லன்னு அவளுக்குத் தெரியாதா?" என்றாள் சண்முகத்தாய்.

பொறியாளர் இல்லையென்று தலையை அசைத்தார். "மலையில் யாருக்கும் அறிவிக்கவில்லை. பயணிகள் அஞ்சுவார்கள் என்று."

அவள் படியைப் பிடித்து ஏறினாள். கதவை இரண்டு முறை கையால் தட்டினாள். பிறகு கோட்டுப் பையிலிருந்து, அவசரத்துக்கென்று காவலர்களுக்குக் கொடுக்கிற ஒரு சாவியை எடுத்தாள். பணியைப் பிடுங்கியவர்கள் சாவியைக் கேட்க மறந்திருக்கிறார்கள். கதவு திறந்தது. இன்ஜினின் உள்ளே கருவிகளைக் கண்காணிக்க ஒரு காமிரா இருந்தது. சண்முகத்தாய் திரையை அதற்கு மாற்றினாள்.

திட்டிக்கொண்டே உள்ளே வந்தவள் ஒரு சொல்லின் பாதியில் நின்றுபோனாள்.

ஓட்டுநர் இருக்கை இருந்த இடத்தில் இடுப்புயரத்துக்கு ஓர் இரும்புப் பெட்டி இருந்தது. அதில் சின்னச் சின்னப் பச்சை விளக்குகள் மினுக்கிக்கொண்டிருந்தன. அவள் பெட்டிக்குப் பின்னால் எட்டிப் பார்த்தாள். எதிர்ப்பக்கக் கதவைத் திறந்து வெளியே பார்த்தாள், ஆள் அந்தப் பக்கம் இறங்கி ஓடியிருப்பானோ என்று. பிறகு திரும்பி வந்து, கையுறையைக் கழற்றிவிட்டு, இரும்புப் பெட்டியின் மேல் உள்ளங்கையை வைத்தாள். சூடு இருக்கிறதா என்று பார்ப்பது போல.

"பேசலாம்," என்றது கழுத்துப் பெட்டி. "உள்ளே ஒலிபெருக்கி இருக்கிறது. நீங்கள் சொல்வதை நான் சீனத்தில் சொல்வேன்."

எல்லோரும் சண்முகத்தாயைப் பார்த்தார்கள். அவள் ஒலிவாங்கியைக் கிட்டே இழுத்தாள். மனதில் வார்த்தைகள் வரிசையாக நின்றன. எல்லாம் ஒன்றின் மேல் ஒன்று விழுந்தன.

"அக்கா," என்றாள். "நாங்க இங்க இருக்கோம். ரொம்பத் தூரத்துல. உங்களத் தினமும் பாத்தோம்க்கா. நீங்க நிக்கத மட்டும் பாக்கல."

கூரையிலிருந்து வந்த குரலைக் கேட்டுப் பச்சைக்கொடி அக்கா திடுக்கிட்டாள். பிறகு அது முடியும்வரை அசையாமல் கேட்டாள். முகத்தைத் தூக்கிக் குரல் வந்த இடத்தைத் தேடினாள். காமிராவின் சின்னக் கண்ணாடியைக் கண்டுகொண்டாள். அதை நேராகப் பார்த்தாள். கோவில்பட்டியில் பெண்கள் திரையை நெருக்கிக்கொண்டு நின்றார்கள். திட்டுவாள் என்று சண்முகத்தாய் காத்திருந்தாள். திட்டினால் நல்லது என்று நினைத்தாள்.

அந்தப் பெண் கையுறையை மாட்டிக்கொண்டாள். விளக்கை எடுத்துக்கொண்டு, சாய்ந்த காலை முதலில் ஊன்றிப் படியில் இறங்கி, கதவைச் சாத்தாமல், பனிக்குள் நடந்து போனாள்.